முகாம் பிள்ளைகளுக்குப் பிறந்த வாரமே ஃபைல் போடுங்கள்

பாம்பாறு, கெலவரப்பள்ளி, வாணியாறு, தும்பலஹள்ளி... நம்ம தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் இலங்கைத் தமிழர் முகாம் என்றாலே அணைக்கட்டு ஓரம்தான். 2021இல் அரசு அதற்கு ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாற்றியது. நல்ல காரியம். ஆனால் அங்கிருந்து இன்று பள்ளிக்கூடம் போகிற பிள்ளை போரையும் பார்த்ததில்லை, இலங்கையையும் பார்த்ததில்லை. இங்கேயே பிறந்தும் இந்தியக் குடியுரிமை கிடையாது.

1987 ஜூலை 1 முதல் இங்கே பிறந்த பிள்ளைக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும். 2004 டிசம்பர் 3 முதல் அதுவும் போதாது. மற்றவர் ‘சட்டவிரோதக் குடியேறி’யாக, அதாவது பாஸ்போர்ட், விசா போன்ற உரிய தாள் இல்லாமல் வந்தவராக, இருக்கக் கூடாது. அம்மா ஊத்தங்கரைக்காரர், அப்பா முகாம்காரர் என்றாலும் பிள்ளைக்குச் சிக்கல்தான். ஆதார் இருக்கிறதே என்பார்கள். ஆதார் குடியுரிமைக்கு ஆதாரம் இல்லை.

சட்டம் மாறும்வரை தாள்களாவது சரியாக இருக்கட்டும். பிறப்பை 21 நாளுக்குள் பதிந்தால் கட்டணமில்லை; ஒரு வருடம் தாண்டினால் அலைச்சல் அதிகம். ஆஸ்பத்திரியில் பெற்றோர் பெயரைக் காதால் கேட்டு எழுத விடாதீர்கள். ஜெயந்தி என்ற பெயருக்கு இலங்கைத் தாளில் இரண்டாவது ஆங்கில எழுத்து பெரும்பாலும் ‘e’ (Jeyanthi). நம்ம ஊர் கிளார்க் பழக்கத்தில் ‘a’ (Jayanthi) போட்டுவிடுவார். அந்த ஓர் எழுத்து பத்தாம் வகுப்பு மார்க் ஷீட் வரை போகும். பிறகு இலங்கைக் குடியுரிமைக்காகச் சென்னை இலங்கைத் துணைத் தூதரகத்தில் பிள்ளையைப் பதியப் போனால், அம்மா யார் என்பதையே நிரூபிக்கச் சொல்வார்கள். இங்கிருந்து இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்குப் போனவர்கள் வழிவந்த மலையகக் குடும்பமானால், 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தக் காலத்துத் தோட்டத்துத் தாள், தாத்தாவின் பழைய பாஸ்போர்ட் எதையும் தூக்கிப் போடாதீர்கள். கரையான் அரிக்கும் முன் நகல் எடுத்து வையுங்கள்.

இதைவிட வலிக்கிற விஷயம் ஒன்று உண்டு. எஞ்சினியரிங் முடித்த அண்ணன் பெயிண்ட் அடிக்கத்தான் போகிறான். குடியுரிமை இல்லாமல் அரசு வேலை கிடைப்பது அரிது. அதைப் பார்த்துக்கொண்டே வளர்கிற தம்பிக்கு ஒன்பதாம் வகுப்பிலேயே படிப்பு விட்டுப்போகிறது. ‘பையன் சோம்பேறி’ என்று எழுதிவிடாதீர்கள், ஆசிரியர்களே. அவன் கணக்கு தப்பில்லை.

2015 ஜனவரி 9க்குள் வந்து பதிவு செய்தவர்களுக்குப் பாஸ்போர்ட், விசா இல்லாத குற்றத்திலிருந்து 2025இல் ஒன்றிய அரசு விலக்கு தந்தது. வழக்குப் பயம் குறையும், குடியுரிமை வராது. இந்த மண்ணில் பிறந்த பிள்ளைகளுக்காவது முதலில் அதைக் கொடுங்கள். நம்ம இரண்டு மாவட்ட எம்.பி.க்களும் இதை நாடாளுமன்றத்தில் கேட்க வேண்டும்.