சர்க்கஸ் வழிகாட்டி எழுதிய கோமாளியின் பதில்

சரி, எழுதாமல் விடுவம் என்றுதான் மூன்று நாள் பேசாமல் இருந்தேன். என்.பி.ஏ. ஓல்-ஸ்டார் ஆட்டம் பார்க்கப் போகிறவர்களுக்கு எங்கள் குழுவில் நான் எழுதின வழிகாட்டியைப் படம் பிடித்துச் சிரித்த அந்த ஸ்கிரீன்ஷொட் உங்களில் முக்கால்வாசிப் பேருக்கு வந்திருக்கும். எனக்கே நாலு பேர் தனித்தனியாக அனுப்பினார்கள், "அண்ணை, இதைப் பாத்தனீங்களோ" என்று. பார்த்தேன். "ஓல்-ஸ்டார் ஆட்டத்துக்கு வழிகாட்டியாம், சர்க்கஸ் பார்க்க எதுக்கு வழிகாட்டி" என்ற வரியையும் பார்த்தேன். கீழே விழுந்து விழுந்து சிரித்த மஞ்சள் முகங்களையும் பார்த்தேன். அதில் எட்டுப் பேர் என் வீட்டுக் கொத்துரொட்டி சாப்பிட்டவர்கள்.

தெரியாதவர்களுக்கு: ஓல்-ஸ்டார் என்பது அமெரிக்கக் கூடைப்பந்துச் சங்கமான என்.பி.ஏ.யின் நட்சத்திரங்கள் வருடத்துக்கு ஒருக்கால் கூடி ஆடுகிற காட்சி ஆட்டம். நான் அப்படி என்ன எழுதிவிட்டேன்? எங்கள் குழுவில் ஒரு குடும்பம் லொஸ் ஏஞ்சல்ஸ் போகிறது. வாற ஞாயிறு, 2026 பெப்ரவரி 15, இங்கிள்வுட் இன்ருயிற் டோமில் ஆட்டம். பெடியனுக்கு 12 வயது. எதைப் பார்க்க வேண்டும், எதைத் தவறவிடக் கூடாது என்று தகப்பன் கேட்டார். பதில் எழுதினேன். இந்த முறை இரண்டு அணி இல்லை, மூன்று. அமெரிக்கர்களுக்கு இரண்டு, மற்ற நாட்டவர்களுக்கு ஒன்று. ஒவ்வொரு ஆட்டமும் 12 நிமிடம்தான். முதலிரண்டு இடத்தில் வருகிறவர்கள் இறுதிக்குப் போவார்கள். இதைப் பெடியனுக்கு முதலே சொல்லி வையுங்கள், இல்லாவிட்டால் முதல் 12 நிமிடத்தோடு ஜக்கெற்றைப் போட்டுக்கொண்டு எழும்பிவிடுவான் என்றேன். அரங்கின் ஒரு பக்கம் 51 வரிசை செங்குத்தாக ஏறும், அதைச் 'சுவர்' என்றுதான் சொல்வார்கள், அதை நிமிர்ந்து ஒருக்கால் பாருங்கள் என்றேன். கழிப்பறை வரிசைக்குப் பயப்பட வேண்டாம், உரிமையாளர் ஸ்ரீவ் போல்மர் அந்த ஒரு விசயத்தில் பிடிவாதமாக நின்று ஆயிரத்துக்கு மேல் கட்டி வைத்திருக்கிறார் என்றேன். சனிக்கிழமையை விடாதீர்கள், பாய்ந்து பந்தைக் கூடைக்குள் திணிக்கிற டங்க் போட்டி அன்றைக்குத்தான் என்று இரண்டு தரம் எழுதினேன். இவ்வளவுதான் சர்க்கஸ்.

ஒன்றைத் திரும்பத் திரும்பச் சொல்லப் போகிறேன், சலித்தால் கடந்து போங்கள். ஓல்-ஸ்டார் ஆட்டம் ரசிகனுக்காக நடக்கிற ஆட்டம். யார் வென்றது என்பதற்காக நடப்பதில்லை. நல்லூரில் தேர் பார்த்துவிட்டு வந்தவர் யாராவது "தேர் சரியான மெதுவு, வேகம் காணாது" என்று குறை சொன்னதுண்டா?

இது என் கண்டுபிடிப்பும் இல்லை. 1951இல் இந்த ஆட்டம் தொடங்கிய கதையே அதுதான். அந்த வருடம் அமெரிக்கக் கல்லூரி ஆட்டக்காரர்கள் சூதாட்டக்காரர்களிடம் காசு வாங்கிக்கொண்டு புள்ளிகளைக் குறைத்து ஆடியது வெளியே வந்து, கூடைப்பந்து என்றாலே சனம் முகத்தைச் சுளித்தது. போன ரசிகனைத் திரும்பக் கூட்டி வர என்ன செய்யலாம் என்று என்.பி.ஏ.யின் விளம்பரப் பொறுப்பாளர் ஹஸ்கெல் கோயன் யோசித்து, பேஸ்போல்காரரைப் பார்த்து இந்த ஆட்டத்தைக் கேட்டார். நட்டம் வந்தால் என் தலையில் என்று பொஸ்ரன் அணியின் சொந்தக்காரர் வோல்ரர் பிரவுன் ஏற்றுக்கொண்டார். மார்ச் 2ஆம் திகதி பொஸ்ரன் கார்டனுக்கு 10,094 பேர் வந்தார்கள். அந்த நாளில் ஒரு சாதாரண ஆட்டத்துக்கு மூவாயிரத்துச் சொச்சம் பேர்தான் வருவார்கள். ரசிகனுக்காகப் பிறந்த ஆட்டம் ஐயா இது. ரசிகனுக்கு வழி சொல்லாமல் வேறு யாருக்குச் சொல்வது?

இனி, "ஒருத்தரும் தடுத்து ஆடுவதில்லையே" என்று வருவீர்கள். தெரியும். 2024இல் இண்டியானாபொலிஸில் 211க்கு 186 புள்ளி. கோப்பையைக் கொடுக்கும்போது என்.பி.ஏ. கொமிஷனர் அடம் சில்வரின் முகத்தைப் பார்த்தீர்களோ? செத்த வீட்டில் துக்கம் விசாரிக்கிறவர் போல நின்றார். நானும் அன்று மூன்றாம் பகுதியில் எழும்பிப் போய் உடுப்புத் தோய்க்கப் போட்டேன், ஒத்துக்கொள்கிறேன். 2025இல் சான் பிரான்சிஸ்கோவில் 40 புள்ளி எடுத்தால் வெற்றி என்று மாற்றினார்கள். ஆட்டத்தை நடுவில் நிறுத்திவிட்டு ரீவிக்காரருக்குப் பிரியாவிடை நடத்தினார்கள். அது விசர் வேலை. அதற்கு நான் வக்காலத்து வாங்கவில்லை.

ஆனால் அந்த இரண்டை வைத்து எழுபத்தைந்து வருடத்தைத் தூக்கி எறிவீர்களா? 2001இல் வொஷிங்டனில், கிழக்கும் மேற்கும் மோதின ஆட்டத்தில், கடைசிப் பகுதியில் 21 புள்ளி பின்னுக்கு நின்ற கிழக்கு அணி 111க்கு 110 என்று வென்றதே, அலன் ஐவர்சன் அந்தச் சின்ன உடம்போடு பூந்து பூந்து போனதே, அது சர்க்கஸோ? 2020இல் சிக்காகோவில், லேக்கர்ஸ் அணியின் பெரிய நட்சத்திரம் கோபி பிரையன்ற் செத்து மூன்று வாரம்தான், கடைசிப் பகுதிக்கு மணிக்கூட்டையே நிறுத்திவிட்டு, முன்னுக்கு நிற்கிற அணியின் புள்ளியோடு 24ஐக் கூட்டி, அதை எட்டுகிறவர் வென்றார் என்று வைத்தார்கள். 24 கோபியின் சட்டை இலக்கம். 157க்கு 155. அதில் எங்கள் ரொறன்ரோ அணியின் கைல் லவ்ரி என்ன செய்தார்? ஓடி வருகிறவனுக்குக் குறுக்கே நின்று நெஞ்சைக் கொடுத்து விழுந்து சார்ஜ் வாங்கினார், அதாவது மோதினவன் மேல் பிழை விழச் செய்தார். காட்சி ஆட்டத்தில்! பக்கத்தில் இருந்து பார்த்துக்கொண்டிருந்த என் அம்மா, "விழுத்திப் போட்டான், நாசமாப் போவான்" என்று கத்தியது பக்கத்து வீட்டுக்குக் கேட்டிருக்கும்.

அம்மாவைப் பற்றிச் சொல்லத்தான் வேண்டும்.

2016இல் ஓல்-ஸ்டார் ரொறன்ரோவுக்கு வந்தது. அமெரிக்காவுக்கு வெளியே அது நடந்தது அதுதான் முதல் தரம். அந்த நேரம் தொடக்க ஐவரை ரசிகர் வாக்குத்தான் தீர்மானித்தது. நாளுக்கு ஒரு வாக்குப் போடலாம். நான் அம்மாவின் போனில் ஒரு கணக்குத் திறந்து கொடுத்தேன், பம்பலுக்குத்தான். அம்மா அதை மருந்துக் குளிசை போல எடுத்துக்கொண்டார். காலையில் தேத்தண்ணி, சாமிக்குப் பூ, லவ்ரிக்கு வாக்கு. ஒருநாள் மறந்துபோய் இரவு பதினொன்றரைக்கு எழும்பி வந்து கண்ணாடியைத் தேடினார். கடைசியில் லவ்ரி கைரி ஏர்விங்கை முந்திக்கொண்டு உள்ளே வந்தார். அதைத் தானே செய்தது போலத்தான் இன்றைக்கும் அம்மா கதைப்பார். இல்லை என்று சொல்ல நான் யார்?

ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்துக்கு ரிக்கெற் வாங்க எங்களுக்கு ஏலாது. அந்த நேரம் நான் வேலை செய்த இடத்தில் மணித்தியாலத்துக்கு என்ன தந்தார்கள் என்பதை இங்கே எழுத வேண்டாம். எக்ஸிபிஷன் மைதானத்துப் பக்கம் ரசிகர்களுக்கென்று ஒரு பெரிய மண்டபம் திறந்திருந்தார்கள். சனிக்கிழமை ஸ்காபரோவில் இருந்து பஸ், ரெயின், ஸ்ட்ரீட்கார் என்று மூன்று மாறிப் போனோம். குளிர் சைபருக்குக் கீழே 20ஐயும் தாண்டியிருந்தது. மூச்சு விட்டால் சால்வையின் ஓரத்தில் வெள்ளையாய்ப் பொரிந்து நின்றது. அம்மா இரண்டு ஜக்கெற், அதற்கு மேலே என்னுடைய பழைய ஹூடி. உள்ளே போனால், ஆட்டக்காரர்களின் கையளவைப் பலகையில் அச்சாகப் பதித்து வைத்திருந்தார்கள், உங்கள் கையை வைத்துப் பார்க்கலாம். அம்மா கையுறையைக் கழற்றி, விரல்களை நல்லாக விரித்து, அந்த அச்சுக்குள் வைத்தார். நடுவிரல் நுனிக்கு மேலே இன்னும் ஒரு விரல் நீளம் மிச்சம் கிடந்தது. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றுவிட்டுச் சொன்னார்: "இந்தக் கையாலை சோறு அள்ளினா, பானை ஒரு தரத்திலை முடிஞ்சிடும் தம்பி. பாவம் தாய்மார்."

பின்னால் நின்ற ஜமேக்கா அம்மா ஒருவர் என்ன சொன்னார் என்று கேட்டார். மொழிபெயர்த்துச் சொன்னேன். அவர் அம்மாவைக் கட்டிப்பிடித்துக்கொண்டு சிரித்தார்.

அன்றிரவு டங்க் போட்டியை வீட்டில் ரீவியில் பார்த்தோம். ஆரன் கோர்டன், ஒர்லாண்டோ அணியின் அந்தப் பச்சைப் பூத வேடக்காரரின் தலைக்கு மேலால், இரண்டு காலையும் மடித்து அந்தரத்தில் சப்பாணி கட்டினது போல இருந்து, பந்தைத் தொடைக்குக் கீழால் எடுத்துப் போட்டாரே, அதை இன்றைக்கும் யாராலும் மறக்க ஏலாது. ஆனாலும் கோப்பை சாக் லவீனுக்குத்தான். "கள்ளத் தீர்ப்பு" என்றார் அம்மா. நாலு வருடம் கழித்து 7 அடி 5 அங்குல ரக்கோ போலைத் தாண்டிப் பாய்ந்தும் கோர்டன் தோற்றபோது, எனக்கு முதல் அழைப்பு எடுத்தது அம்மாதான். ஹலோ கூட இல்லை. "திரும்பவும் ஏமாத்திப் போட்டாங்கள் பார்."

இதைத்தான் சனிக்கிழமையை விடாதீர்கள் என்று எழுதினேன். இதைத்தான் நீங்கள் படம் பிடித்து அனுப்பிச் சிரித்தீர்கள்.

"ரசிகர் வாக்கு என்றால் கண்டவனும் உள்ளே வருவான்" என்று ஒரு அறிவாளி கீழே எழுதியிருக்கிறார். ஓம், அதே 2016இல் பெரிய நட்சத்திரம் இல்லாத சாசா பச்சூலியா, ஜோர்ஜியா நாடே திரண்டு வாக்குப் போட்டு, பதினாலாயிரம் வாக்குப்போலத்தான் குறைந்து வெளியே நின்றார். அதுக்குப் பயந்து அடுத்த வருடமே எங்கள் வாக்கைப் பாதியாக வெட்டி, மிச்சத்தை ஆட்டக்காரருக்கும் பத்திரிகைக்காரருக்கும் பிரித்துக் கொடுத்தார்கள். சந்தோஷமோ? அதே கண்டவன்கள்தான் 1992இல் மஜிக் ஜோன்சனுக்கு வாக்குப் போட்டார்கள். எச்.ஐ.வி. என்று சொல்லி மூன்று மாதத்துக்கு முன் ஓய்வு பெற்றுவிட்ட மனிதர். அந்த சீசனில் ஒரு ஆட்டமும் ஆடவில்லை. சில ஆட்டக்காரர்களே அவரோடு ஒரே கோட்டில் இறங்கப் பயந்தார்கள். ரசிகர்கள் பயப்படவில்லை. ஒர்லாண்டோவில் 25 புள்ளி, கடைசியில் ஒரு மூன்று புள்ளி எறிதல். மணிக்கூட்டில் 14 செக்கன் மிச்சம் இருக்க, எல்லாரும் கோட்டுக்குள் இறங்கி அவரைக் கட்டிப்பிடித்ததோடு ஆட்டம் முடிந்தது. மிச்ச 14 செக்கன் இன்னும் ஆடப்படவே இல்லை. அறிவாளிகளிடம் மட்டும் விட்டிருந்தால் அது நடந்திருக்குமா?

"ஆட்டக்காரருக்கே அக்கறை இல்லை, கோடீஸ்வரப் பிள்ளைகள்" என்பதற்கும் ஒரு வரி. 1964இல், இதே ஓல்-ஸ்டார் இரவில்தான், பொஸ்ரனில் பனிப்புயலுக்குள், உடை மாற்றும் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு, ஓய்வூதியம் தருவதாகச் சொல்லாவிட்டால் இறங்க மாட்டோம் என்று உட்கார்ந்தார்கள். ரீவி நேரம் ஓடிக்கொண்டிருந்தது. வெஸ்ற், ரொபேட்சன், ரஸல், அந்தக் காலத்துப் பெரிய நட்சத்திரங்கள் எல்லாரும் உள்ளே. வாக்குறுதி வந்த பிறகுதான் இறங்கினார்கள். அதைப் படித்துவிட்டு வந்து அக்கறையைப் பற்றிக் கதையுங்கள்.

காசு விசயம் ஒன்றில்தான் எனக்கும் பதில் இல்லை. ரசிகனுக்கான ஆட்டம், ரசிகனுக்கான ஆட்டம் என்று மேலே இவ்வளவு தரம் எழுதிவிட்டேன். கீழ்த்தளக் கதிரைகளில் நிறுவன விருந்தாளிகள்தான் இருப்பார்கள் என்பது எனக்குத் தெரியாதா? 2016இல் ஆட்டம் நடந்த எயார் கனடா சென்ரருக்குள் போகாமல் மூன்று வாகனம் மாறித் திரும்பி வந்தவன் நான். அது வலித்தது. இப்போதும் வலிக்கும். அதற்காக, போக வசதி வந்த ஒரு குடும்பம் ஆசையாக வழி கேட்டால், "அது சர்க்கஸ், போகாதே" என்று பெடியனின் முகத்தை வாட வைக்க வேண்டுமா? ஆசைப்பட்டவனைக் கீழே பார்க்கிற பழக்கம் எங்களுக்கு எங்கிருந்து வந்தது?

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், சொல்லாவிட்டால் நித்திரை வராது. அந்த ஸ்கிரீன்ஷொட்டை முதலில் எடுத்தவரும் நானும் நாலு வருடம் ஒரே கோட்டில் ஆடினவர்கள். என் முழங்கால் போன அன்று என்னைத் தூக்கிக் கொண்டுபோய்க் காரில் ஏற்றினவர். "பாஸ்கெட்போல் விளங்காத ஆக்கள் வழிகாட்டி எழுதக் கூடாது" என்று அவர் எழுதியதை நான் பத்துத் தரம் வாசித்தேன். எனக்கு விளங்காது, சரி. என்னிடம் நேரே சொல்லியிருக்கலாம். என் நம்பர் இன்னும் அதேதான்.

அம்மாவுக்கு இந்தக் கூத்து ஒன்றும் தெரியாது. நேற்றும் "லவ்ரி இன்னும் விளையாடுறாரோ" என்று கேட்டார். பிலடெல்பியாவில் வாங்கில் இருக்கிறார் அம்மா, வயது வந்திட்டுது என்றேன். "எனக்கும்தானே" என்றார்.

ஞாயிறு பின்னேரம் 5 மணி, எங்கள் பேஸ்மென்ற். மட்டன் றோல்ஸ் 40 சொல்லியிருக்கிறேன். சிரித்த எட்டுப் பேரும் வரலாம். படம் பிடித்தவரும் வரலாம். உப்புப் பனியோடு சப்பாத்தை உள்ளே கொண்டுவர வேண்டாம், அம்மா ஏசுவார்.