படமா, சீரியலா?

புது டிவி வாங்கியவர்கள் வீட்டில் படம் பார்க்கவே இப்போதெல்லாம் எரிச்சலாக இருக்கிறது. கதாநாயகன் மழையில் நின்று கதறுகிறான். எனக்கோ மதிய நேரத்து மெகா சீரியல் பார்க்கிற உணர்வு. ஆட்கள் வழுக்கிக்கொண்டு நகர்கிறார்கள், பின்னால் இருக்கும் சுவர் செட்டுதான் என்று பளிச்சென்று தெரிகிறது.

பேசும் படம் வந்த 1920களின் கடைசியிலிருந்தே சினிமா என்றால் பெரும்பாலும் நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள்தான். அந்தக் குறைச்சலும், அசைவில் வரும் லேசான மங்கலும் சேர்ந்துதான் நம்மைக் கதைக்குள் இழுக்கின்றன. புது டிவியில் இருக்கும் ‘மோஷன் ஸ்மூத்திங்’ என்ற வசதியோ இரண்டு ஃபிரேமுக்கு நடுவே, யாருமே எடுக்காத படத்தைத் தானாகக் கணக்குப் போட்டுச் செருகிவிடுகிறது. கிரிக்கெட்டுக்குச் சரி, பந்தாவது தெளிவாகத் தெரியும். சினிமாவுக்கு எதற்கு? நிஜம் மாதிரி காட்டுகிறேன் பேர்வழி என்று, நடிகர் நடிப்பதை அப்பட்டமாகக் காட்டிக்கொடுக்கிறது.

டாம் குரூஸும் இயக்குநர் கிறிஸ்டோபர் மெக்குவாரியும் 2018-ல் வீடியோ போட்டே சொன்னார்கள், இந்த வசதியை அணைத்துவிட்டுப் படம் பாருங்கள் என்று. யார் கேட்டது? பல டிவிகளில் வாங்கும்போதே ஆன் ஆகித்தான் வருகிறது. அணைக்கப் போனால் கம்பெனிக்கு ஒரு பெயர், மெனுவுக்குள் மெனு. அப்படியும் தேடிப்பிடித்து அணைத்தேன். உடனே மாமா, "என்னப்பா, படம் விட்டு விட்டு ஓடுது? நல்லா இருந்ததைக் கெடுத்துட்டியே!" என்கிறார்.