நிரம்பிய ஏரியை நம்பி ஊரைப் பெருக்காதீர்கள்

கோடை வந்தால் போதும், அரிசோனாவின் லேக் ஹவாசு சிட்டிக்குப் போய்வந்தவர்களின் படங்கள் வரிசையாக வந்துவிடும். நீலத் தண்ணீர், படகுகள், பின்னால் மொட்டை மலைகள். கீழே யாராவது கட்டாயம் கேட்பார்கள்: "கொலராடோ ஆறு வற்றுகிறது என்கிறீர்களே, இங்கே ஏரி தளும்புதே?" ஃபீனிக்ஸ் பக்கம் குடியிருந்து, அந்த ஏரித் தண்ணீரையும் குடிக்கிறவன் என்ற முறையில் இதற்கு விரிவாகவே பதில் சொல்லிவிடுகிறேன்.

ஏரி தளும்புவது உண்மைதான். அது கொலராடோ ஆற்றை அணை கட்டித் தேக்கிய ஹவாசு ஏரி. 2022 ஜூலையில் ஆற்றின் மேற்பகுதியில் உள்ள மீட் ஏரியின் நீர்மட்டம் கடல்மட்டத்திலிருந்து 1,040 அடிக்கு இறங்கியது. 1937-இல் அது முதன்முதலாக நிரம்பிக்கொண்டிருந்த காலத்துக்குப் பிறகு அவ்வளவு இறங்கியதே இல்லை. அப்போதும் ஹவாசு ஏரி வழக்கமான மட்டத்திலேயே இருந்தது. ஏனென்றால் அதை வேண்டுமென்றே 445 அடிக்கும் 450 அடிக்கும் இடையில் பிடித்து வைத்திருக்கிறார்கள். மேலே உள்ள அணைகளிலிருந்து திறந்துவிட்டுக்கொண்டே இருக்கிறார்கள். ஊர்க்காரர்கள் படகு விடுவதற்காக இல்லை, பம்புகளுக்காக.

1938-இல் பார்க்கர் அணையைக் கட்டி இந்த ஏரியை உண்டாக்கியதே தெற்குக் கலிபோர்னியாவுக்குத் தண்ணீர் எடுக்கத்தான். மேற்குக் கரையிலிருந்து 390 கிலோமீட்டர் கால்வாய் அந்தப் பக்கம் போகிறது. கிழக்கே, 1973-இல் தொடங்கி இருபது ஆண்டுகள் கட்டிய மத்திய அரிசோனா கால்வாய் 540 கிலோமீட்டர் ஓடி ஃபீனிக்ஸுக்கும் டூசானுக்கும் வருகிறது. நமக்குப் பழகிய கணக்கில் சொன்னால், ஏரியின் கொள்ளளவு ஏறக்குறைய 27 டி.எம்.சி. இரண்டு கால்வாய்களும் முழு அளவில் இழுத்தால் ஆண்டுக்கு 115 டி.எம்.சி.க்கு மேல் போகும். அதாவது அங்கே தேங்கி நிற்பதாகத் தெரியும் தண்ணீர் உண்மையில் போய்க்கொண்டிருக்கும் தண்ணீர். அதற்கு ஏற்கெனவே வேறு சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள்.

அந்தக் கரையில்தான் ஒரு ஊர் முளைத்தது. மரமறுக்கும் இயந்திரம் தயாரித்த ராபர்ட் மெக்கல்லக் 1963-இல் அங்கே பாலைவன நிலத்தை வாங்கி மனைகளாகப் பிரித்தார். வாங்க நினைப்பவர்களைத் தன் செலவிலேயே விமானத்தில் கூட்டிவந்து காட்டினார். 1968-இல் இங்கிலாந்தின் பழைய லண்டன் பாலத்தையே 24.6 லட்சம் டாலருக்கு வாங்கி, கல்கல்லாகக் கொண்டுவந்து 1971-இல் அங்கே நிறுத்தினார். 1970-இல் சுமார் 4,000 பேர் இருந்த ஊரில் 2020 கணக்கெடுப்பின்படி 57,144 பேர். 1994 ஜூனில் 53 டிகிரி செல்சியஸ் வெயில் அடித்த ஊர் அது.

மக்கள் வந்ததில் எனக்குக் குறை இல்லை. விற்றவர்கள் எதையெல்லாம் யோசிக்காமல் விற்றார்கள் என்பதுதான் என் ஆதங்கம். கழிவுநீரையே எடுத்துக்கொள்ளுங்கள். வீட்டுக்கு வீடு செப்டிக் டேங்க். வீடுகள் ஆயிரக்கணக்கில் பெருகியதும் நிலத்தடி நீரில் நைட்ரேட் ஏறியது. 2000-க்குப் பிறகு பத்தாண்டுக் காலம் தெருத்தெருவாகத் தோண்டிச் சாக்கடைக் குழாய் பதித்தார்கள். மனை விற்ற லாபம் எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டது. குழாய்க்கு வாங்கிய கடன் மட்டும் பிறகு வந்து குடியேறியவர்கள் தலையில் விழுந்தது.

அடுத்து அதே மாதிரி வரப்போவது தண்ணீர் உரிமை. கொலராடோ ஆற்றில் யார் பக்கத்தில் இருக்கிறார்கள் என்பது கணக்கே இல்லை, யார் முன்னால் ஒப்பந்தம் போட்டார்கள் என்பதுதான் கணக்கு. 1968-இல் மத்திய அரிசோனா கால்வாய்க்கு நாடாளுமன்ற ஒப்புதல் வாங்க, பற்றாக்குறை வந்தால் கலிபோர்னியாவுக்குப் பின்னால் நிற்கிறோம் என்று அரிசோனா ஒத்துக்கொண்டது. லேக் ஹவாசு சிட்டியின் உரிமையும் பெரும்பகுதி அந்தக் கால்வாயோடு சேர்ந்த நான்காம் வரிசைதான், அதாவது முன்வரிசைக்காரர்களுக்குக் கொடுத்த பிறகே கிடைக்கும் பின்வரிசை. 2022-இல் முதல் பற்றாக்குறை அறிவிப்பு நடைமுறைக்கு வந்தபோது அரிசோனா இழந்தது 22 டி.எம்.சி.க்கு மேல். அந்த அடி பெரும்பாலும் கால்வாய்ப் பாசன விவசாயிகள் மேல் விழுந்தது. இன்னும் வெட்டினால் நான்காம் வரிசையில் நிற்கும் ஊர்களுக்கும் வரும். அப்போதும் வாசலில் ஏரி இதேபோல் தளும்பிக்கொண்டுதான் இருக்கும். அதில் கைவைக்க அந்த ஊருக்கு உரிமை இருக்காது.

எதிர்க்கரையில் செமெஹுவேவி பழங்குடியினர் இருக்கிறார்கள். அணை வந்தபோது அவர்களுடைய ஆற்றோர நல்ல நிலம் ஏழாயிரம் ஏக்கருக்கு மேல் மூழ்கியது. மக்கள் சிதறிப் போனார்கள். 1970-இல்தான் அரசு அவர்களை மறுபடியும் ஒரு பழங்குடி இனமாக அங்கீகரித்தது. உச்ச நீதிமன்றம் அவர்களுக்கு ஆண்டுக்குச் சுமார் அரை டி.எம்.சி. ஒதுக்கியிருக்கிறது. உரிமை வரிசையில் மிக முன்னால் இருப்பவர்கள். ஆனால் மேட்டில் இருக்கும் நிலத்துக்கு ஏற்றப் பம்பும் குழாயும் இல்லாமல், அதில் பெரும்பகுதியை அவர்களால் எடுக்க முடிவதில்லை. அவர்கள் எடுக்காத தண்ணீருக்கு யாரும் பணமும் கொடுப்பதில்லை, அது அப்படியே ஆற்றோடு போய் அடுத்தவர்கள் பங்கில் சேர்ந்துவிடுகிறது. இத்தனை ஆண்டுகளாக இதைச் சகித்துக்கொண்டிருப்பது எனக்கு அநியாயமாகவே படுகிறது.

ஆற்றைப் பங்கிட 2007-இல் வகுத்த விதிகள் 2026 முடிய மட்டும்தான் செல்லும். புதிய விதிகளில் இரண்டு விஷயம் வேண்டும் என்று நினைக்கிறேன். செமெஹுவேவி மக்கள் எடுக்க முடியாத தண்ணீருக்கு, அதைப் பயன்படுத்துகிறவர்கள் பணம் கொடுக்க வேண்டும், அந்தப் பழங்குடியினருக்குப் பம்பு போட்டுத் தருவது மத்திய அரசின் செலவாக இருக்க வேண்டும். அப்புறம், ஆற்றங்கரை ஊர்களில் புதுக் குடியிருப்புக்கு அனுமதி கொடுக்கும்போது நல்ல ஆண்டின் ஒதுக்கீட்டைக் காட்டக் கூடாது. நான்காம் வரிசை வெட்டப்பட்ட பிறகு கையில் என்ன மிஞ்சும் என்ற கணக்கை மனைப் பத்திரத்தோடு சேர்த்துக் கொடுக்க வேண்டும். அதைப் படித்துவிட்டும் வாங்க வருகிறவர்கள் தாராளமாக வரட்டும்.