விடுப்புப் பணம்: ‘பரிசீலிக்க’ அல்ல, ‘வழங்க’ என்று கேளுங்கள்

பல்கலைக்கழகத்தில் முப்பது ஆண்டு உழைத்து ஓய்வு பெற்றவர், எடுக்காமல் சேர்த்து வைத்த ஈட்டிய விடுப்புக்கான பணத்தைக் கேட்டு நிதிப் பிரிவுக்கு நடையாய் நடக்கிறார். “ஃபண்ட் இல்ல சார், வந்ததும் போட்டுடுறோம்” என்கிறார்கள். தமிழ்நாட்டில் இது பழகிப்போன பதில். பழகிப்போனதுதான் வேதனை.

இது யாரும் இரக்கப்பட்டுத் தரும் பணம் இல்லை. ஜார்க்கண்ட் அரசுக்கும் ஜிதேந்திர குமார் ஸ்ரீவஸ்தவாவுக்கும் நடந்த வழக்கில் 2013-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: ஓய்வூதியம், பணிக்கொடை போலவே விடுப்புப் பணமும் அரசியலமைப்பின் 300ஏ பிரிவு காக்கும் சொத்து, சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் பிடித்து வைக்கக் கூடாது.

தொகையும் சின்னது அல்ல. இங்கே பணமாக்கக்கூடிய விடுப்பின் உச்சவரம்பு 240 நாள். கடைசி அடிப்படை ஊதியம் 80,000, அகவிலைப்படி 40,000 என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டையும் கூட்டி 30-ஆல் வகுத்தால் ஒரு நாளுக்கு 4,000. 240 நாளுக்கு 9,60,000 ரூபாய். 6 சதவீத வட்டி போட்டாலே ஆண்டுக்கு 57,600 ரூபாய்.

உயர் நீதிமன்றத்துக்குப் போகும் முன் காகிதங்களைச் சேருங்கள். பணிப்பதிவேட்டின் விடுப்புக் கணக்குப் பக்கத்தைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் நகலாகக் கேளுங்கள். கோடை விடுமுறை இல்லாத பணியாளருக்கு ஜனவரி 1, ஜூலை 1 தேதிகளில் 15 நாள் வீதம் வரவு வைத்திருக்க வேண்டும். சரண்டர் செய்த (பணியில் இருக்கும்போதே பணமாக்கிக்கொண்ட) நாட்களும் சம்பளமில்லா விடுப்பும் சரியாகக் கழிக்கப்பட்டுள்ளனவா என்று வரி வரியாகப் பாருங்கள். பல்கலைக்கழகக் கணக்கைப் பார்க்கும் உள்ளாட்சி நிதித் தணிக்கை ஆட்சேபம் எழுப்புவது பெரும்பாலும் இங்கேதான். அதைக் காட்டியே கோப்பைக் கிடப்பில் போடுவார்கள். அதே தகவல் உரிமை மனுவில் இன்னொன்றும் கேளுங்கள்: உங்களுக்குப் பின் ஓய்வு பெற்றவர்களுக்கு எந்தத் தேதியில் பணம் கொடுத்தார்கள்? பின்னால் வந்தவருக்கு முதலில் கொடுத்திருந்தால், நிதி இல்லை என்ற வாதம் அங்கேயே உடைந்துவிடும்.

ஆசிரியர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. பல்கலைக்கழக மானியக் குழுவின் (யுஜிசி) விதியில் 300 நாள் வரை சேர்க்கலாம் என்று இருப்பதால் 300-க்கே மனுப் போடுகிறார்கள். தகராறே இல்லாத 240 நாள் பணமும் அந்தச் சர்ச்சையில் சிக்கி நிற்கிறது. முதலில் 240-ஐ வாங்குங்கள். மீதி 60-க்கான உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை என்று எழுத்தில் பதிந்து வையுங்கள்.

பிறகு அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது நிர்வாகத்துக்கு உத்தரவிடக் கேட்கும் மனு. பலர் சறுக்குவது கோரிக்கைப் பத்தியில். “என் விண்ணப்பத்தைப் பரிசீலிக்க உத்தரவிடுக” என்று கேட்டால், 8 அல்லது 12 வாரத்தில் பரிசீலிக்கச் சொல்லி வழக்கு முடிந்துவிடும். அவர்களும் பரிசீலித்து, “நிதி வந்ததும் வழங்கப்படும்” என்று ஒரு கடிதம் அனுப்புவார்கள். உத்தரவை நிறைவேற்றியாகிவிட்டது! நீங்கள் மறுபடி முதல் படியில். அதனால் நாள் கணக்கு, தொகை, ஓய்வு பெற்ற தேதியிலிருந்து வட்டி, செலுத்தவேண்டிய கெடு நான்கையும் மனுவிலேயே கேளுங்கள். அலுவலகத் தாமதத்துக்கு வட்டி உண்டு என்பதற்கு 1984-இல் உச்ச நீதிமன்றம் தந்த பத்மநாபன் நாயர் தீர்ப்பு துணைக்கு வரும்.

தள்ளிப்போடாதீர்கள். விடுப்புப் பணம் ஒரே முறை சேரவேண்டிய தொகை, மாதா மாதம் புதுப்பிறவி எடுக்கும் ஓய்வூதியம் போல அல்ல. மூன்று ஆண்டு தாண்டினால் காலதாமதம் என்ற கேள்வி வரும். நடுவில் நினைவூட்டுக் கடிதம் எழுதிக்கொண்டே இருந்தால் போதும் என்று நம்பாதீர்கள். செத்துப்போன கோரிக்கைக்குப் பதில் கடிதம் உயிர் கொடுக்காது என்று 2008-இல் சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

தீர்ப்பு வந்ததும் சான்றிட்ட நகலைப் பதிவாளருக்கும் நிதி அலுவலருக்கும் விநியோகச் சான்றுடன் ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்புங்கள். கெடு முடிந்த தேதியை நாட்காட்டியில் வட்டமிடுங்கள். உத்தரவை நிறைவேற்றாவிட்டால் போடும் நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு அன்றிலிருந்து ஓராண்டுதான்.