என் வண்டிக்கு மச்சான் ஜாமீன்

திருட்டுப் போன பைக் கிடைத்துவிட்டது என்று போன் வந்ததும் கோட்டை மாரியம்மனுக்குத் தேங்காய் உடைத்தேன். அவசரப்பட்டுவிட்டேன்.

ஸ்டேஷனில் வேப்பமரத்தடியில், காக்கை எச்சத்தோடு நிற்கிறது. சாவிகூட என்னிடம் இருக்கிறது. ஆனால் எடுக்க முடியாது. அது இப்போது ‘வழக்குச் சொத்து’. கோர்ட்டில் மனு போட வேண்டுமாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 451, புதிதில் 497. நம்பர்தான் மாறியிருக்கிறது, அலைச்சல் அதேதான்.

ஆர்.சி. புத்தகம், இன்சூரன்ஸ், ஆதார் எல்லாம் கொடுத்தாயிற்று. போதாதாம், வீட்டு வரி ரசீதோடு ஒரு ஜாமீன்தாரர் வேண்டும். என் வண்டியை நான் வாங்க மச்சான் கையெழுத்து! பாவம், ஏற்காட்டிலிருந்து 20 கொண்டை ஊசி வளைவும் இறங்கி வந்தார். அன்றைக்கென்று வாய்தா.

வண்டிகளை ஸ்டேஷனில் மட்கவிடாதீர்கள், போட்டோ எடுத்து, பிணைப் பத்திரம் வாங்கிக்கொண்டு கொடுத்துவிடுங்கள் என்று உச்ச நீதிமன்றம் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-லேயே சொல்லியாயிற்று. அந்த வேப்பமரத்தடிக்கு இன்னும் தகவல் போகவில்லை போல.

நேற்றுதான் கைக்கு வந்தது. விற்கக் கூடாது, உருவத்தை மாற்றக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். சரி. பேட்டரி செத்துப்போயிருந்தது. ஐந்து ரோடு வரை தள்ளிக்கொண்டே போனேன்.