இருபது கிலோமீட்டர் தள்ளிப்போகும் கல்லூரி

கடலூர்ப் பக்கம் நான் படித்த அரசுத் தொழில்நுட்பக் கல்லூரியை இருபது கிலோமீட்டர் தள்ளிக் கொண்டுபோகப் போகிறார்கள். அதை எதிர்த்துப் பெற்றோர்கள் சென்னை உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டிருக்கிறோம். என் அக்கா மகள் அங்கே இரண்டாம் வருஷம் படிக்கிறாள், அதனால் மனுவில் அக்காவோடு நானும் கையெழுத்துப் போட்டேன். "இதுக்கெல்லாமா கோர்ட்டுக்குப் போவாங்க?" என்று கேட்டவர்களுக்காகத்தான் இந்தப் பதிவு.

அவள் ஆலப்பாக்கத்துப் பக்கத்துக் கிராமத்திலிருந்து வருகிறாள். காலை ஏழு மணி டவுன் பஸ். 2021 முதல் சாதாரண டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. அரசுப் பள்ளியில் படித்தவள் என்பதால் புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1000 ரூபாய் வருகிறது. இந்த இரண்டையும் சொல்லித்தான் அக்காவைச் சம்மதிக்க வைத்தோம். புது இடத்துக்கு டவுன் பஸ்ஸே கிடையாது. கடலூர் வந்து வெளியூர் பஸ் மாறி, டிக்கெட் எடுத்து, இறங்கி இரண்டு கிலோமீட்டர் நடக்க வேண்டும். சாயங்காலம் வீடு வந்து சேர எட்டு மணி ஆகிவிடும். "போதும், நிறுத்திடலாம்" என்று அக்கா இப்போதே சொல்ல ஆரம்பித்துவிட்டாள். மாதாமாதம் பணம் கொடுத்துப் படிக்கக் கூப்பிட்ட பிள்ளையைப் பஸ் போகாத இடத்தில் இறக்கிவிடலாமா?

கட்டடம் பழசு, அது உண்மை. 2011-இல் வந்த 'தானே' புயலில் கூரை பெயர்ந்தது. 2015 வெள்ளத்தில் ஒர்க்‌ஷாப்புக்குள் முழங்கால் அளவு தண்ணீர் நின்றது. சரி, வடிகாலைச் சீர்செய்யுங்கள், தரையை உயர்த்துங்கள்.

அப்புறம், இரும்பைச் சுழற்றிக் கடையும் லேத் மெஷினை மேசை நாற்காலி மாதிரி லாரியில் ஏற்றி இறக்கிவிட முடியாது. கான்கிரீட் தளத்தில் போல்ட் போட்டு இறுக்கியிருப்பார்கள். அதைப் பெயர்த்து, புதுத் தளம் போட்டு, அது காய்ந்து, லெவல் வைத்து மட்டம் பார்த்து, த்ரீ ஃபேஸ் லைன் இழுக்க வேண்டும். மட்டம் பிசகினால் கடைகிற தண்டு ஒரு முனையில் தடித்தும் மறுமுனையில் மெலிந்தும் வரும். அதுவரை அக்கா மகள் செட்டுக்கு பிராக்டிகல் எங்கே நடக்கும்? நான் படித்தபோது முதல் வருஷம் ஃபிட்டிங் ஷாப்பில் ஒரே இரும்புத் துண்டை நான்கு வாரம் அரம் போட்டேன். செங்கோணம் பார்க்கும் ட்ரை ஸ்கொயரை அதன்மேல் வைத்து ஜன்னல் பக்கம் தூக்கிப் பார்ப்போம். இடுக்கில் வெளிச்சம் தெரிந்தால் மறுபடியும் அரம்தான். இதைப் புத்தகம் வைத்துச் சொல்லிக் கொடுக்க முடியாது.

கல்லூரி எங்கே இருக்க வேண்டும் என்பது அரசின் கொள்கை முடிவு, அதில் நீதிமன்றம் லேசில் தலையிடாது என்று வக்கீல் முதல் நாளே சொல்லிவிட்டார். அதனால் அரசியலமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் நாங்கள் கேட்பது, முடிவை எப்படி எடுத்தீர்கள் என்பதைத்தான். இடம் மாற்ற ஏ.ஐ.சி.டி.இ. (அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழு) ஒப்புதல் வேண்டுமே, வாங்கியாகிவிட்டதா? படிக்கிற பிள்ளைகளிடம் ஒரு வார்த்தை கேட்டீர்களா? பதில் வரும்வரை இடைக்காலத் தடை கேட்டிருக்கிறோம்.

நோட்டீஸ் போர்டில் ஒட்டிய முதல் அறிவிப்பை இரண்டே நாளில் கிழித்துவிட்டார்கள். யாராவது போனில் படம் எடுத்து வைத்திருந்தால், தேதி தெரிகிற மாதிரி, எனக்கு இன்பாக்ஸில் அனுப்புங்கள். வக்கீல் கேட்கிறார்.