ஆர்பக்கிள் கொலைகாரர் இல்லை

ஞாயிற்றுக்கிழமை திரையிடலில் நடந்தது உங்களில் பலருக்கும் தெரியும். மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் 'மை வைஃப்ஸ் ரிலேஷன்ஸ்' (1922) ஓடியபோது அரங்கமே சிரித்தது. ஜன்னலை உடைத்துவிட்டான் என்று ஒரு பெண் கீட்டனை நீதிபதி முன்னால் இழுத்துப்போக, போலந்து மொழி மட்டுமே தெரிந்த அவர், கல்யாண ஜோடி என்று நினைத்து இருவருக்கும் மணம் முடித்து வைத்துவிடுகிறார். அடுத்து, அதே காலத்து நகைச்சுவை நடிகர் ராஸ்கோ ஆர்பக்கிளின் 'தி புட்சர் பாய்' என்றதும், "கொலைகாரன் படமெல்லாம் வேண்டாம்" என்று ஒரு குரல். படத்தை நிறுத்திவிட்டார்கள். கீட்டன் முதன்முதலில் திரையில் தோன்றிய படம் அது! எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

ஆர்பக்கிள் கொலைகாரர் இல்லை. 1921 செப்டம்பரில், சான் ஃபிரான்சிஸ்கோ ஹோட்டல் விருந்தொன்றில் நோயுற்ற நடிகை வர்ஜீனியா ராப் சில நாட்களில் இறந்தார். சிறுநீர்ப்பை கிழிந்து வயிற்றில் தொற்று. அந்தச் சாவுக்கு ஆர்பக்கிள்தான் காரணம் என்று வழக்கு. விசாரணை 3 முறை நடந்தது. முதல் இரண்டிலும் ஜூரிகள் ஒத்துப்போகவில்லை. மூன்றாவதில், 1922 ஏப்ரல் 12 அன்று, சில நிமிடங்களிலேயே விடுதலை. வெறும் விடுதலை போதாது, இவருக்குப் பெரிய அநீதி நடந்திருக்கிறது என்று ஜூரிகளே எழுதிக்கொடுத்தார்கள். ஒரு மனிதர் இதற்குமேல் என்ன நிரூபிக்க வேண்டும்?

"பணக்கார நடிகர், தப்பித்துவிட்டார்" என்பீர்கள். எந்தப் பணம்? வழக்கிலேயே சொத்து கரைந்துபோனது. தீர்ப்பு வந்த ஆறாம் நாள், ஹாலிவுட் தயாரிப்பாளர்கள் சங்கத் தலைவர் வில் ஹேஸ், ஆர்பக்கிள் படங்களுக்குத் தடை போட்டார். டிசம்பரில் தடை நீங்கியும் பழைய இடம் திரும்பவில்லை. வில்லியம் குட்ரிச் என்று வேறு பெயரில் படம் இயக்கிப் பிழைத்தார். 1933இல் இறந்தபோது வயது 46.

"இறந்த பெண்ணைப் பற்றிக் கவலை இல்லையா?" இருக்கிறது. பத்திரிகைகள் அவர் பெயரையும்தான் நாறடித்தன. அதற்கு நியாயம் கேளுங்கள், நானும் வருகிறேன். அதற்காகச் செய்யாத குற்றத்தை இவர் தலையில் கட்டுவீர்களா?

என் பெரியப்பா மீது, வேலை பார்த்த இடத்தில் பணம் கையாடியதாக வழக்கு. வருடக்கணக்கில் கோர்ட்டுக்கு அலைந்து விடுதலையானார். தீர்ப்பு நகலைச் சட்டைப்பையிலேயே வைத்திருந்தார், யாராவது கேட்டால் காட்டலாம் என்று. ஒருவரும் கேட்கவில்லை. அக்காவைப் பெண் பார்க்க வந்தவர்கள் மட்டும், "பணம் எடுத்தாரே, அவர் வீடுதானே?" என்று கேட்டுவிட்டுப் போனார்கள். அப்புறம் அந்தப் பக்கமே வரவில்லை. அவர்களுக்கும் தீர்ப்பு தெரியும்.

படம் பிடிக்கவில்லையா, எழுந்து போங்கள். என் பதிவின் கீழே மறுபடி யாராவது "கொலைகாரன்" என்று எழுதினால் நீக்கிவிடுவேன். நண்பராக இருந்தாலும் சரி.